பருப்பு உசிலியும் புருஷர் கடமையும்

விலைவாசி, வரி, தேர்தல், நதிநீர்ப் பங்கீடு ஆகிய விஷயங்களைக் குறித்து நமது நேயர்கள் நாள்தோறும் விவாதிக்கிறார்கள். விவாதம் முற்றிப் பசி மிகுந்ததும் இலையின்முன் அமர்கிறார்கள். சோறு வருகிறது; குழம்பு வருகிறது; இலையின் மேற்புறத்தில் கறி ஒன்று வந்து அமர்கிறது. அது நன்றாயிருந்தால் இரண்டாம் முறை கேட்கிறார்கள். நன்றாயில்லையேல் முகம் சுளிக்கிறார்கள். அக்கறி எங்கே விளைந்தது, யார் நறுக்கினார், எத்தனை நேரம் அதற்குச் சென்றது என்னும் வினா அவர்களுள் பெரும்பாலோர்க்கு எழுவதேயில்லை. நாட்டின் வரவு செலவுத் திட்டத்தை வரிக்கு வரி ஆராயும் அறிஞர்கள், தம் இலையில் விழுந்த ஒரு பிடி கறியின் வரவு செலவை ஆராயாது விடுவது விந்தையே. இன்று அக்குறையைச் சிறிது போக்க முயல்வோம். நாம் எடுத்துக்கொண்ட பொருள் பீன்ஸ் பருப்பு உசிலி.

இஃது அற்ப விஷயம் என்று சிலர் நகைக்கலாம். ஒரு குடும்பத்தில் தினந்தோறும் இருமுறை நடைபெறுகின்ற காரியம், கோடிக்கணக்கான பெண்மக்களின் பகற்பொழுதை விழுங்குகின்ற காரியம், அற்பமாதல் எங்ஙனம்? வேண்டுமானால் அவர்கள் நகைத்துவிட்டு மேலே படிக்கட்டும்.

முதற்கண் உசிலியின் இயல்பைக் கூறுவோம். பருப்பை ஊறவைத்து, மிளகாயும் பெருங்காயமும் உப்பும் சேர்த்துக் கரகரப்பாக அரைத்து, ஆவியில் வேகவைத்து, உதிர்த்து, எண்ணெயில் பொலபொலவென்று வறுத்து, வெந்த காயோடு கலந்து எடுப்பதே உசிலி. பீன்ஸ், கொத்தவரங்காய், அவரைக்காய், வாழைப்பூ, முட்டைக்கோஸ் முதலியன இதற்கு ஏற்றவை. தஞ்சை, கும்பகோணம் முதலிய காவிரிக்கரை ஊர்களின் பிராமணக் குடும்பங்களில் இது நெடுநாளாக வழங்கி வருவது. கல்யாணப் பந்திகளின் வழியாகவும், மெஸ் என்று சொல்லப்படும் உணவு விடுதிகளின் வழியாகவும் ஏனையோர்க்கும் பழக்கமாகிவிட்டது. மற்றைக் குடும்பங்களில் அதே பீன்ஸ் தேங்காய்த் துருவல் தூவிய பொரியலாக இலைக்கு வருகிறது. பொரியல் கால் மணியில் முடியும். உசிலி அவ்வாறு முடிவதன்று. அவ்வேற்றுமையில்தான் நாம் சொல்ல வந்த செய்தி முழுவதும் அடங்கியிருக்கிறது.

உசிலி எந்நாளும் செய்யப்படுவதில்லை. எந்தக் குழம்பில் பருப்பு இல்லையோ, அந்தக் குழம்போடுதான் அது பெரும்பாலும் வரும். மோர்க்குழம்பு, வற்றல் குழம்பு, மிளகு குழம்பு இவையே அதன் தோழர்கள். சாம்பார் வைக்கும் நாளில் பருப்பு குழம்பிலேயே இருக்கிறது. கறிக்குப் பருப்பு வேண்டுவதில்லை. மோர்க்குழம்பு நாளில் அக்குறையை உசிலி தீர்க்கிறது. உணவு நூல் கற்காத நம் பாட்டியர் வகுத்த இந்த ஏற்பாட்டை இன்றைய உணவு நூலாரும் மறுக்கமாட்டார்கள். அரிசியின் புரதத்தில் லைசின் என்னும் பகுதி குறைவு. பருப்பில் அது மிகுதி. பருப்பில் மெதியோனின் என்னும் பகுதி குறைவு. அரிசி அதனை ஈடு செய்கிறது. துவரம் பருப்பில் 100 கிராமுக்கு ஏறக்குறைய 22 கிராம் புரதம் உண்டு. பச்சை பீன்ஸில் 2 கிராம் அளவே உண்டு. ஆகவே 200 கிராம் பருப்பு இட்டு அறுவர்க்கு உசிலி செய்தால், ஆளுக்கு ஏழு கிராம் புரதம் கறியிலிருந்தே கிடைத்துவிடுகிறது. ஒரு பிடிப் பருப்பைக் காயோடு கலந்து பெருக்கி, ஒரு குடும்பத்தின் பசியைத் தணிக்கும் சிக்கனம் இதில் இருக்கிறது.

இனி, நமது நேயர்களுள் சிலர் எழுப்பக்கூடிய ஆக்ஷேபத்தைக் கவனிப்போம். "பீன்ஸ் அந்நிய நாட்டுக் காய்; அதைக் கொண்டு செய்த கறியைப் பாரம்பரிய உணவு என்று கொண்டாடுவது எவ்வாறு பொருந்தும்?" என்று அவர்கள் கேட்பார்கள். கேள்வி நியாயமானதே. பீன்ஸ் கொடி அமெரிக்கக் கண்டத்தைச் சேர்ந்தது. மெக்ஸிகோவை உள்ளிட்ட மத்திய அமெரிக்கப் பகுதியிலும், தென் அமெரிக்காவின் ஆண்டிஸ் மலைப்பகுதியிலுமாக இரண்டு இடங்களில் தனித்தனியே அதனை அந்நாட்டுப் பழங்குடிகள் பல ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்னர்ப் பயிராக்கினர். 1492இல் கொலம்பஸ் கடல் கடந்த பின்னரே அது ஐரோப்பாவை அடைந்தது. நம் நாட்டிலே, 19ஆம் நூற்றாண்டில் நீலகிரி முதலிய குளிர்ந்த மலைகளில் வெள்ளையர் குடியேறியதும், அங்கே ஐரோப்பியக் காய்கறிகளின் சாகுபடி பரவியது. நம் வீடுகளில் கேரட், கோஸ், பீன்ஸ் ஆகியவற்றை 'இங்கிலீஷ் காய்கறி' என்று அழைத்ததும் அதனாலேயே. இன்றும் ஆசாரமான இல்லங்களில் சிராத்த தினத்தன்று இக்காய்களைச் சேர்ப்பதில்லை. அவரை, புடல், வாழைக்காய், பாகல் இவையே அன்று உரியவை. மிளகாயும் அன்று விலக்கப்பட்டு மிளகு அதன் இடத்தைப் பெறுகிறது. ஏனெனில் மிளகாயும் அமெரிக்காவிலிருந்து போர்த்துகீசியர் வழியாக 16ஆம் நூற்றாண்டில் வந்ததே. சரித்திரப் புத்தகம் மறந்தாலும் சிராத்தச் சமையல் மறக்கவில்லை.

அயல்நாட்டுப் பட்டியல் இத்துடன் முடியவில்லை. உசிலிக்கு உயிர் கொடுக்கும் பெருங்காயம் ஆப்கானிஸ்தானம், ஈரான் முதலிய தேசங்களிலிருந்து வருவது. நம் நாட்டு மண்ணில் அதனைப் பயிராக்கும் முயற்சி 2020ஆம் ஆண்டில்தான், ஹிமாசலப் பிரதேசத்தின் லாஹுல் பள்ளத்தாக்கில், அரசாங்க விஞ்ஞானிகளால் தொடங்கப்பெற்றது. கடலைப் பருப்பின் மூலமும் மேற்கு ஆசியாவே. ஆனால் அது வந்து சேர்ந்தது மிகப் பழங்காலத்தில். துவரையோ இந்திய மண்ணிலேயே காட்டுச் செடியிலிருந்து பயிராக்கப்பட்டது. கறிவேப்பிலையும் நம்முடையது. இங்ஙனம் ஒரு கரண்டி உசிலியில் மெக்ஸிகோவும் காபூலும் காவிரிக்கரையும் ஒன்றுகூடியிருக்கின்றன.

அங்ஙனமாயின் இதில் நம்முடையது என்று சொல்லத்தக்கது யாது? செய்முறையே நம்முடையது என்று விடை பகர்வோம். பருப்பை அரைத்து ஆவியில் வைத்து உதிர்க்கும் வித்தை பீன்ஸோடு வந்ததன்று. கொத்தவரைக்கும் வாழைப்பூவுக்கும் உரிய முறையிலே வந்த விருந்தாளியையும் நம்மவர் சேர்த்துக்கொண்டனர். விதை எந்தக் கப்பலில் வந்தாலும், கை நம்முடையதாயிருந்தமையால் கறி நம்முடையதாயிற்று. இதிலிருந்து பெறப்படும் முடிவு ஒன்றுண்டு. பாரம்பரியம் கையில் இருக்கிறதென்றால், அந்தக் கை ஓய்ந்த அன்று பாரம்பரியமும் ஓய்ந்துபோகும். பொருள்கள் கடையில் இருக்கும், உசிலி இராது. ஆதலின் அந்தக் கை யாருடையது, அது படும் பாடு யாது என்று காண்பது நம் கடமையாகிறது.

அதனைக் காண்பதற்கு முன், செய்முறையைச் சற்று விரிவாகவே எழுதுகிறோம். பெண்மக்கள் இதை அறிவார்கள். புருஷர்களுக்காகவே இதனை வரைகிறோம்.

அறுவர்க்கு உசிலி செய்ய அரைக் கிலோ பீன்ஸும் 200 கிராம் பருப்பும் வேண்டும். பருப்பு முழுதும் துவரையாகவே இருக்கலாம். முக்காற்பங்கு துவரையும் காற்பங்கு கடலையுமாகக் கலந்துகொள்வாரும் உளர். கடலைப் பருப்பு சேர்ந்தால் உதிர்ப்பு எளிது. பருப்பைக் கழுவி, ஆறு காய்ந்த மிளகாயுடன் ஒரு மணி நேரம் ஊறவைக்க வேண்டும். பின்னர் நீரை அடியோடு வடித்துவிட வேண்டும். வடித்தல் என்றால் பாத்திரத்தைச் சாய்ப்பது மட்டும் போதாது. வடிதட்டில் கால் மணி நேரம் வைத்து ஒரு துளியும் நில்லாமற் செய்ய வேண்டும். உசிலியின் வெற்றி தோல்வி இங்கேயே தீர்மானமாகிறது. நீர் தங்கினால் விழுது கூழாகும். கூழ் வெந்தால் களியாகும். களியை எந்தச் சாமர்த்தியசாலியாலும் உதிர்க்க இயலாது.

வடித்த பருப்பை உப்பும் பெருங்காயமும் சிறிது மஞ்சளும் சேர்த்து, நீர் தெளிக்காமல், கரகரப்பாக அரைக்க வேண்டும். இரண்டொரு பருப்பு அரைபடாமல் கிடந்தாலும் குற்றமில்லை. வெண்ணெய்போல் அரைத்துவிடுவதே குற்றம். இவ்விழுதை எண்ணெய் தடவிய இட்லித் தட்டில் தளர்வாகப் பரப்பிப் பத்துப் பன்னிரண்டு நிமிஷம் ஆவியில் வேகவைக்க வேண்டும். அழுத்தி வைத்தால் நடுவில் வேகாது. ஆவியின் வெம்மையால் பருப்பிலுள்ள மாவு வெந்து இறுகுகிறது, புரதமும் உறைகிறது, அதனாலேயே பச்சை விழுது உதிரத்தக்க பதம் அடைகிறது. எடுத்தவுடன் உதிர்க்கத் தொடங்குதல் கூடாது. சூடு நன்கு ஆறிய பிறகு விரல்களால் பிசிறினால் மணல்போல் உதிரும். பொறுமையில்லாதவர்க்கு இங்கே தண்டனை கட்டிகளாகக் கிடைக்கிறது.

ஆவியில் வைக்காமல், அரைத்த விழுதை அப்படியே காய்ந்த எண்ணெயில் இட்டுக் கிண்டிக் கிண்டி உதிர்ப்பதும் ஒரு பழைய முறை. அதற்கு எண்ணெய் மிகுதியாக வேண்டும்; முழங்கையில் வலுவும் வேண்டும். ருசி அதிலே ஒரு படி கூடுதல் என்று வாதிப்பவர்கள் உண்டு. எண்ணெய் விலையையும் நேயர்களின் தேக நிலையையும் எண்ணி நாம் ஆவி முறையையே ஆதரிக்கிறோம்.

பீன்ஸுக்கு வருவோம். இளங்காயாகத் தெரிந்தெடுக்க வேண்டும். வளைத்தால் படீரென்று ஒடிவதே இளங்காய். இருமுனைகளையும் கிள்ளி, விளிம்பில் ஓடும் நாரை உரித்து, மிகப் பொடியாக நறுக்க வேண்டும். உதிர்ந்த பருப்பும் நறுக்கிய காயும் ஏறக்குறைய ஒரே பருமனாயிருந்தால்தான் வாயில் இரண்டும் ஒன்றாகும். அரைக் கிலோ பீன்ஸை அங்ஙனம் நறுக்கப் பழகிய கைக்கே அரை மணி நேரம் செல்லும். நறுக்கிய காயைச் சிறிதளவு நீரில் உப்பிட்டு வேகவைக்கும்போது, முதல் சில நிமிஷங்கள் பாத்திரத்தை மூடாமலிருப்பது நன்று. காய் வேகும்போது அதனுள்ளிருந்து அமிலங்கள் வெளிப்படுகின்றன; மூடியிருந்தால் அவை ஆவியோடு வெளியேறாமல் மீண்டும் காயிலே படிந்து, பச்சையத்திலுள்ள மக்னீஷியத்தை நீக்கிவிடுகின்றன. அதனாலேயே பசுமை மங்கிப் பழுப்பு ஏறுகிறது. பசுமைக்காகச் சமையல் சோடா சேர்ப்பது சில விடுதிகளின் தந்திரம். அது கண்ணுக்கு அழகு தரும். காயைக் குழைத்து, உயிர்ச்சத்து 'சி'யையும் அழித்துவிடும். வெந்த காயிலும் நீர் நிற்கலாகாது. வடித்துப் பிழிந்துவிட வேண்டும். வடித்த நீரைக் கொட்டிவிடாமல் ரசத்தில் சேர்த்துக்கொள்ளலாம்.

கடைசிப் படி அடுப்பின்முன் நிற்பது. அடி கனத்த இருப்புச்சட்டியில் ஐந்தாறு மேசைக்கரண்டி எண்ணெய் விட்டு, கடுகு, உளுத்தம் பருப்பு, கறிவேப்பிலை தாளித்து, உதிர்த்த பருப்பை இட்டு, நெருப்பைத் தணித்து, கிண்டிக்கொண்டேயிருக்க வேண்டும். பத்து நிமிஷத்திற்குக் குறையாமல் கிண்டிய பிறகே ஈரம் வற்றி, வாசனை எழும்பி, பொன்னிறம் தோன்றும். அப்போது காயைச் சேர்த்து மேலும் ஐந்து நிமிஷம் கிளறி இறக்க வேண்டும். கிண்டுகிறவர் அந்நேரத்தில் வேறெங்கும் போகலாகாது. தொலைபேசி மணி அடித்தாலும், குழந்தை அழுதாலும், வாசலில் விருந்தினர் வந்தாலும் கை நிற்கலாகாது; நின்றால் அடிப்பிடிக்கும்.

கணக்கைக் கூட்டிப் பார்ப்போம். ஊறும் நேரத்தை விலக்கி, களைதல், வடித்தல், நறுக்குதல், அரைத்தல், வேகவைத்தல், உதிர்த்தல், கிண்டுதல், பின்னர் இட்லித் தட்டு, அரைத்த பாத்திரம், சட்டி ஆகியவற்றைத் துலக்குதல் ஆகிய எல்லாம் சேர்த்தால் ஒன்றரை மணி நேரத்திற்குக் குறையாது. இது ஒரு கறிக்கு மட்டும். சோறும் குழம்பும் ரசமும் தனி. உண்பதற்கோ ஐந்து நிமிஷம் மிகுதி. இந்த ஒன்றரை மணி நேரத்தைத் தருபவர் யார்?

தேசியப் புள்ளியியல் அலுவலகத்தார் 2019ஆம் ஆண்டில் மக்கள் தம் பொழுதை எவ்வாறு செலவிடுகின்றனர் என்று நாடு முழுவதும் ஆராய்ந்தனர். ஊதியமின்றித் தம் குடும்பத்திற்காகச் செய்யும் வீட்டு வேலைகளில் நாளொன்றில் பெண்களுள் 100க்கு 81 பேர் ஈடுபட்டனர். ஆண்களுள் 26 பேர். ஈடுபட்ட பெண் சராசரி 299 நிமிஷம் உழைத்தாள். ஈடுபட்ட ஆண் 97 நிமிஷம். உணவு தயாரிக்கும் வேலையை மட்டும் தனியே எடுத்தால், பெண்களுள் 100க்கு 75 பேர். ஆண்களுள் 6 பேர். ஐந்தாண்டு கழித்து 2024இல் மீண்டும் ஆராய்ந்தபோது, வீட்டு வேலையில் ஈடுபட்ட பெண்ணின் பொழுது 289 நிமிஷமாகவும், ஆணின் பொழுது 88 நிமிஷமாகவும் இருந்தன. பெண்ணின் சுமை பத்து நிமிஷம் இறங்கியது. ஆண் அதை ஏற்றுக்கொண்டதனால் அன்று, ஏனெனில் அவனுடைய பொழுதும் ஒன்பது நிமிஷம் குறைந்தே இருக்கிறது. இந்த இலக்கங்களை நேயர்கள் மீண்டும் ஒருமுறை படிக்க வேண்டுகிறோம்.

"இயந்திரங்கள் வந்துவிட்டனவே" என்று சமாதானம் கூறுவாருளர். உண்மை, வந்தன. கோயம்புத்தூரில் 1955இல் உருவான மாவரைக்கும் கிரைண்டர் ஆட்டுக்கல்லின் பாரத்தைப் பெண்களின் தோளிலிருந்து இறக்கியது. 2011இல் தமிழ்நாட்டு அரசாங்கம் மிக்ஸியும் கிரைண்டரும் மின்விசிறியும் விலையின்றி வழங்கும் திட்டத்தைத் தொடங்கியது. ஏழை இல்லங்களுக்கும் அவை சென்றன. இவை பெரிய உபகாரங்கள் என்பதில் ஐயமில்லை. ஆயினும் இயந்திரம் பருப்பை அரைக்கும். பீன்ஸின் நாரை உரிக்காது. வடிதட்டின்முன் காத்திராது. அடுப்பின்முன் நின்று கிண்டாது. தட்டைத் துலக்காது. கல்லைச் சுற்றிய கைக்கு ஓய்வு கிடைத்ததேயன்றி, அந்தக் கையை மாற்றி வேறொரு கை வரவில்லை.

இதற்கிடையே பெண்களின் நிலைமை மாறிவிட்டது. அவர்கள் பள்ளியில் கற்பிக்கிறார்கள். வங்கியில் கணக்குப் பார்க்கிறார்கள். மருத்துவமனையில் இரவு விழிக்கிறார்கள். தொழிற்சாலையில் முறை மாற்றி வேலை செய்கிறார்கள். வெளியிலும் எட்டு மணி நேரம் உழைத்து, வீட்டிலும் ஒன்றரை மணி நேரம் உசிலிக்கென்று ஒதுக்க எவரால் இயலும்? ஆகவே உசிலி வாரத்திலிருந்து மாதத்திற்கும், மாதத்திலிருந்து பண்டிகைக்கும் ஒதுங்கிவிட்டது. அவசரப் பொரியல் அதன் இடத்தில் அமர்ந்தது. இதைக் கண்டு பெருமூச்செறிபவர் யாவர்? புருஷர்களே. "எங்கள் அம்மா கைப்பக்குவம் இப்போது எங்கே கிடைக்கிறது?" என்று அவர்கள் வருந்துகிறார்கள். அம்மாவின் கை எத்தனை ஆண்டு கிண்டிற்று என்று அவர்கள் கணக்கிட்டதில்லை. அவள் உயிரோடிருந்த நாளில் அருகே நின்று கற்றுக்கொள்ளவும் இல்லை. கற்க மறுத்தவர்க்கு வருந்தும் உரிமை மிகக் குறைவு.

"சமையல் ஆண்மைக்கு ஏற்றதன்று" என்னும் வாதம் இந்நாட்டில் எடுபடாது. சிறந்த சமையலுக்கு நம் மொழி இட்ட பெயர் நளபாகம்; நளன் அரசன். அவனுக்கு அடுத்தபடி சொல்லப்படுபவன் வீமன். விராடன் மடைப்பள்ளியில் ஓராண்டு அகப்பை பிடித்தவன். கோயில் மடைப்பள்ளியில் நிற்பவர் ஆண்கள்; கல்யாணத்தில் ஆயிரம் பேர்க்கு உசிலி கிண்டுபவர் ஆண்கள்; விடுதிகளிலும் பெரும்பாலும் ஆண்களே. கூலிக்கும் புகழுக்கும் ஆண் சமைக்கலாம். மனைவிக்கும் மக்களுக்கும் சமைத்தல் மட்டும் இழிவு என்பது எந்த சாஸ்திரம்?

பொதுவாழ்வில் ஈடுபட்ட நம் நண்பர்களுக்கு ஒரு தமிழரின் பெயரை நினைவூட்டுகிறோம். 1908ஆம் ஆண்டு ஜனவரி மாதம், தென்னாப்பிரிக்காவில் ஜோஹன்னஸ்பர்க் சிறையில் காந்தியடிகளும் தோழர்களும் அடைக்கப்பட்டிருந்தனர். சிறையிற் கிடைத்த மக்காச்சோளக் கூழ் நம்மவர்க்கு ஒவ்வவில்லை. தாமே சமைத்துக்கொள்ள அனுமதி கேட்டுப் பெற்றனர். அப்போது அவர்கள் தம் சமையல் தலைவராகத் தேர்ந்தெடுத்தது, மொரீஷியஸில் பிறந்த தமிழராகிய தம்பி நாயுடுவை. காய்கறியின் நிறை குறைந்தால் அதிகாரிகளோடு போராடி முழு நிறையையும் வாங்கிய பின்னரே அவர் அடுப்பு மூட்டினார் என்பதைக் காந்தியடிகள் தமது தென்னாப்பிரிக்கச் சத்தியாக்கிரக சரித்திரத்தில் நன்றியுடன் எழுதியிருக்கிறார். அப்போராட்டத்தின் முன்னணி வீரருள் ஒருவர் அவர். அகப்பை பிடித்ததனால் அவருடைய வீரம் குறைந்ததா? காந்தியடிகளும் லண்டனில் மாணவராயிருந்த காலத்திலேயே சிறு அறை ஒன்றை வாடகைக்கு எடுத்து, ஓட்ஸ் கஞ்சியைத் தாமே காய்ச்சிக் குடித்துச் செலவைக் குறைத்தவர். சிறையில் சமைப்பது தியாகம், வீட்டில் சமைப்பது அவமானம் என்று எண்ணுகிறவர், தியாகத்தின் பொருளை அறியாதவர் என்றே சொல்லவேண்டும்.

சமையலறைக்குள் கால் வைத்த ஆணுக்கு மற்றொரு லாபமும் உண்டு. பருப்பு விலையை அவன் பத்திரிகையில் படிப்பதோடு நில்லாமல் கையால் அறிவான். 2015இல் துவரம் பருப்பு கிலோ 200 ரூபாயை எட்டியபோது, பல குடும்பங்களில் இலையிலிருந்து முதலில் மறைந்தவற்றுள் உசிலியும் ஒன்றாகவே இருந்திருக்கும். உலகத்தில் பருப்பு வகைகளை மிகுதியாக விளைவிப்பதும், மிகுதியாக உண்பதும், மிகுதியாக இறக்குமதி செய்வதும் நம் நாடே. மியன்மாரிலிருந்தும், மொஸாம்பிக், தான்ஸானியா, மலாவி ஆகிய ஆப்பிரிக்க நாடுகளிலிருந்தும் துவரை கப்பலேறி வருகிறது. 2007இல் தொடங்கிய சிறப்புப் பொது விநியோகத் திட்டத்தின்கீழ், தமிழ்நாட்டு நியாய விலைக் கடைகளில் துவரம் பருப்பு கிலோ 30 ரூபாய்க்குக் கிடைக்கிறது. சில காலங்களில் துவரைக்குப் பதிலாகக் கனடா நாட்டு மஞ்சள் பருப்பு வந்ததையும் ஜனங்கள் மறக்கவில்லை. அப்பருப்பைக் கொண்டு உசிலி செய்ய முயன்ற பெண்ணைக் கேட்டால், இறக்குமதிக் கொள்கையைப் பற்றி ஒரு பிரசங்கமே செய்வாள். பொருளாதாரம் பேசுவோர் அப்பிரசங்கத்தையும் கேட்க வேண்டும்.

அச்சு நூல்களின் துணையும் இன்று குறைவில்லை. எஸ். மீனாக்ஷி அம்மாள் 1951இல் 'சமைத்துப் பார்' என்னும் நூலை வெளியிட்டு, கண் அளவிலும் கைப் பழக்கத்திலும் மட்டுமே இருந்த வித்தையை அளவு காட்டி எழுதி வைத்தார். அந்நூலின் தலைப்பே ஒரு கட்டளை. அது பெண்ணை நோக்கி மட்டும் இடப்பட்ட கட்டளை என்று கருத வேண்டுவதில்லை. எழுத்தறிந்த எவர்க்கும் அது பொருந்தும்.

ஆகவே நமது நேயர்களுக்கு நாம் செய்துகொள்ளும் விண்ணப்பம் இது. வருகிற ஞாயிற்றுக்கிழமை கூட்டம் ஏதும் வைத்துக்கொள்ளாதிருங்கள். காலையில் சந்தைக்குச் சென்று, நீலகிரியிலிருந்தோ கொடைக்கானலிலிருந்தோ ஒசூரிலிருந்தோ வந்த இளம் பீன்ஸை ஒடித்துப் பார்த்து வாங்கி வாருங்கள். வீட்டம்மையாரை அடுக்களைக்கு வெளியே அமரச் செய்து, பத்திரிகையை அவர் கையில் கொடுங்கள். உதவி என்ற பெயரால் ஒரு வெங்காயத்தை நறுக்கிக் கொடுத்துவிட்டு, பத்து முறை அவரைக் கூப்பிட்டு உப்பு எங்கே, பெருங்காயம் எங்கே என்று கேட்கும் வழக்கம் வேண்டாம். டப்பாக்களை நீங்களே திறந்து தேடுங்கள். பையன் வீட்டிலிருந்தால் அவனையும் அருகே அமர்த்தி நார் உரிக்கச் செய்யுங்கள். அவன் காண்பதே அவன் கற்கும் பாடம்.

முதல் முறை உசிலி கட்டிதட்டிப் போகலாம், உப்பு ஏறியிருக்கலாம். முகம் சுளிக்காமல் அதனை உண்ணுங்கள். இதுகாறும் உங்கள் முகச்சுளிப்பைப் பொறுத்தவர் அருகே அமர்ந்து உண்பார். மறுவாரம் நீரை இன்னும் நன்றாக வடித்து மீண்டும் கிண்டுங்கள். மூன்றாம் வாரம் பொலபொலவென்று உதிரும். அன்றைக்கும் புகழுரையை எதிர்பார்த்து அடுக்களை வாயிலில் நிற்க வேண்டாம். இட்லித் தட்டையும் இருப்புச்சட்டியையும் துலக்கிக் கவிழ்த்த பின்னரே சமையல் முடிந்தது என்று எண்ணுங்கள்.